நின்றவர் அமர்ந்த வரலாறு

1

பாடசாலை விட்டு மாணவர்கள் கலைந்துபோன ஒரு பிற்பகல். எங்கள் பத்தாம் வகுப்பு மாணவன் ஒருவன் வேலியோரத்து வேப்பமர நிழலில் அமர்ந்து மவுத்தோர்கன் வாசித்துக்கொண்டிருந்தான். உள்ளங்கைக்குள் அடங்கிவிடும் அந்தச் சிறு கருவியை இரு கைகளாலும் பொத்திப் பிடித்து, மூச்சை ஊதியும் உறிஞ்சியும் அவன் எழுப்பிய இசையை, ஏறாவூரின் அந்த நேரத்து வாவிக்காற்று தெருவரை சுமந்து சென்றது. வழியே வந்த பெரியவர் ஒருவர் சற்று நின்று கேட்டார். முகத்தில் மகிழ்ச்சி தெரிந்தது. பிறகு, "நல்லாப் படிக்கிற புள்ள நீ, மகன்; ஊதுகாரனாவா போகப் போறாய்?" என்று கேட்டுவிட்டு நடந்தார். பையன் கருவியைச் சட்டைப் பைக்குள் ஒளித்துக்கொண்டான்.

அந்தக் கேள்வியில் பகைமை இல்லை, பரிவுகூட இருந்தது. ஆயினும் 'ஊதுகாரன்' என்ற சொல்லில் இழையோடிய ஏளனம் அப்பெரியவர் தாமாகத் தேடிய பொருளன்று. சமுதாயம் அவருக்கு விட்டுச்சென்ற முதுசொம். வீணையை மடியில் வைத்து மீட்டுபவனுக்கு ஒரு மதிப்பு. குழலை வாயில் வைத்து ஊதுபவனுக்கு வேறொரு மதிப்பு. தோலைக் கோலால் அறைபவனுக்கு அதனினும் தாழ்ந்த மதிப்பு. தோல் செத்த விலங்கினுடையது என்றும், ஊதுகருவி எச்சில் பட்டது என்றும் சாதி ஆசாரம் கற்பித்த தீட்டு, கருவியிலிருந்து இறங்கிக் கலைஞனின் உடம்பிலும் ஒட்டிக்கொண்டது. கண்ணன் கைப் புல்லாங்குழலுக்குக் கிடைத்த விதிவிலக்கு மற்றைய ஊதுகருவிகளுக்குக் கிடைக்கவில்லை.

சான்று தேடி நாம் தொலைவு போக வேண்டியதில்லை. மட்டக்களப்பு வாவியைச் சூழ்ந்த ஊர்களில் பறைமேளத்தோடு சேர்ந்து ஒலிக்கும் சொர்ணாளி என்னும் சிறு குழலை அறியாதார் இலர். அம்மன் கோயிற் சடங்கிலும் மரண வீட்டிலும் அவ்விசை இன்றியமையாதது. ஆனால் அதை ஊதியவர் நின்ற இடமோ ஊரின் விளிம்பு. இசை வேண்டும், இசைப்பவன் வேண்டாம் என்பதே நிலவுடைமைச் சமுதாயம் ஊதுகலைஞனோடு செய்துகொண்ட எழுதாத உடன்படிக்கை.

இந்த உடன்படிக்கையைத் தமிழ் மண்ணில் கிழித்தெறிய முயன்றவர்களுள் முதன்மையானவர் நாகசுரச் சக்கரவர்த்தி திருவாவடுதுறை டி. என். இராஜரத்தினம் பிள்ளை. அவர் வரலாற்றை இசை இரசிகர்கள் பலமுறை சொல்லியிருக்கின்றனர். தோடி இராகத்தை அவர் மணிக்கணக்கில் வாசித்ததைப் பற்றிச் சொல்கையில் அவர்களுடைய கண்கள் கலங்கும். அந்தக் கண்ணீரை நாம் மதிக்கிறோம். ஆனால் அவர் என்ன வாசித்தார் என்பதோடு, எங்கே நின்று வாசித்தார், எங்கே அமர்ந்து வாசித்தார் என்பதையும் கேட்பது வரலாற்று மாணவனின் கடமை.

2

இராஜரத்தினத்திடம் செல்லுமுன், என் மாணவன் ஒளித்துவைத்த அந்தச் சிறு கருவியின் கதையைச் சிறிது பார்ப்போம். ஊதுகாரனின் தாழ்வு தமிழருக்கு மட்டும் உரியதன்று என்பதை அக்கதை நமக்கு உணர்த்தும்.

1857ஆம் ஆண்டில் ஜேர்மனியின் ட்ரோசிங்கன் என்னும் சிற்றூரில் மத்தியாஸ் ஹோனர் என்ற கடிகாரத் தொழிலாளி மவுத்தோர்கன் செய்யத் தொடங்கினார். ஆலை உற்பத்தி பெருகப் பெருக அதன் விலை மலிந்து, கடல் கடந்து ஐக்கிய அமெரிக்காவின் தென்மாநிலங்களை அடைந்தது. அங்கே 1865இல் அடிமைமுறை சட்டத்தால் ஒழிந்திருந்தது, வாழ்க்கையிலோ ஒழியவில்லை. விளைச்சலில் பங்கு என்ற பெயரில் நிலக்காரனுக்குத் தீராக் கடன்பட்டுப் பருத்தி வயல்களில் உழன்ற கறுப்பின உழவர்களால் பியானோ வாங்க முடியுமா? சட்டைப் பைக்குள் அடங்கும் கருவி அவர்களுக்கு வாய்த்தது.

ஐரோப்பிய நாட்டார் மெட்டுகளுக்கென்று சுருதி சேர்க்கப்பட்ட கருவி அது. ஊதினால் அந்த மெட்டுகளுக்கு உரிய சுரங்களை ஒழுங்காகத் தரும். கறுப்பினக் கலைஞர்கள் அதைப் பெரிதும் உறிஞ்சி வாசித்தனர். மூச்சை உள்ளிழுக்கும்போது நாவையும் தொண்டையையும் ஒடுக்கிச் சுரத்தை வளைத்தனர். செய்தவன் கனவிலும் எண்ணாத சுரங்கள், அழுகுரலும் சிரிப்பொலியும் புகைவண்டியின் ஓலமுமாக, அதிலிருந்து புறப்பட்டன. 'புளூஸ்' என்று உலகம் போற்றும் இசைக்கு மவுத்தோர்கன் ஒரு குரலாயிற்று.

அக்குரலின் பெருங்கலைஞர் லிட்டில் வோல்டர் என்று அழைக்கப்பட்ட மேரியன் வோல்டர் ஜேக்கப்ஸ். 1930இல் லூயிசியானா மாநிலத்தின் மார்க்ஸ்வில்லில் பிறந்தவர். சிறுவயதிலேயே பள்ளியை விட்டு, ஊரூராகத் தெருவில் வாசித்துப் பிழைத்தவர். நிலத்தை விட்டு வடபுல ஆலைநகரங்களுக்குப் பெயர்ந்த இலட்சக்கணக்கான கறுப்பின மக்களோடு அவரும் சிக்காகோவை அடைந்து, அங்கே மெக்ஸ்வெல் தெருச் சந்தையில் வாசித்தார். பின்னர் மடி வோட்டர்ஸ் என்ற பாடகரின் குழுவிற் சேர்ந்தார். மின்னூட்டிய கிற்றாரின் முழக்கத்தில் சிறு மவுத்தோர்கனின் ஒலி மூழ்கிவிடுவதைக் கண்ட அவர், மலிவான ஒலிவாங்கி ஒன்றைக் கருவியோடு சேர்த்து உள்ளங்கைகளுக்குள் பொத்தி, ஒலிபெருக்கி வழியே வாசித்தார். 1952இல் வெளிவந்த 'ஜூக்' என்னும் அவரது கருவியிசைத் தட்டு, கறுப்பின மக்களிடையே விற்ற இசைத்தட்டுகளின் பட்டியலில் எட்டு வாரங்கள் முதலிடத்தில் நின்றது. பக்கவாத்தியக்காரராய் இருந்தவர் 22 வயதில் தம் சொந்தக் குழுவின் தலைவரானார்.

அந்த வெற்றி அவரைக் காத்ததா? இல்லை. நாட்டின் இனவெறி அப்படியே இருந்தது. காலப்போக்கில் மதுவும் சண்டையும் அவர் உடலைச் சிதைத்தன. 1968 பெப்ரவரியில், தெருச் சண்டையொன்றிற் பட்ட அடியைத் தொடர்ந்து, 37 வயதில் இறந்தார். 'றொக் அன்ட் றோல்' இசையின் புகழ்மண்டபத்தில் அவர் பெயரைப் பொறிக்க 2008 வரை சென்றது.

கருவியை மாற்றினார், ஒலியை மாற்றினார், பக்கத்தில் நின்றவர் நடுவில் வந்தார். ஆனால் தம்மை நெருக்கிய சமுதாயத்தை அவரால் தனியே மாற்ற இயலவில்லை. இந்த மூன்று அடிகளையும் நினைவில் வைத்துக்கொண்டு காவிரிக் கரைக்கு வருவோம்.

3

தஞ்சை மண்ணின் கோயில்களில் நாகசுரமும் தவிலும் சேர்ந்த பெரியமேளம் வெறும் கச்சேரி அன்று. அது ஒரு ஊழியம். வைகறைத் திருப்பள்ளியெழுச்சி முதல் அர்த்தசாமப் பூசை வரை நாள் முழுவதும் வாசிக்க வேண்டும். சுவாமி புறப்பாட்டுக்கு மல்லாரி. வீதிவலத்தில் நாற்சந்திதோறும் இராக ஆலாபனை. திருவிழாக் காலத்தில் இரவு புறப்பட்ட ஊர்வலம் விடியும்வரை நடக்கும், வாசிப்பவரும் நடந்துகொண்டேயிருப்பார். இதற்குக் கூலியாகக் கோயில் நிலத்தில் மானியம் உண்டு. மானியம் உள்ளவரை ஊழியம். ஊழியம் உள்ளவரை பணிவு.

அப்பணிவுக்கு வெளிப்படையான அடையாளங்கள் இருந்தன. மிராசுதார் வீட்டுத் திருமணத்தில் மேளகாரர் பந்தலின் ஓரத்தில் நிற்பார், அல்லது தரையில் அமர்வார். தோளில் துண்டு கிடக்கலாகாது. இடுப்பில் இறக்கிக் கட்ட வேண்டும். தாலி கட்டும் நொடியில் விரலை ஆட்டிக் கெட்டிமேளத்துக்குக் கட்டளையிடும் வீட்டுக்காரர், அடுத்த நொடியில் அவரை மறந்துவிடுவார். கர்நாடக இசையின் இராக இலக்கணத்தை விரித்துக் காட்டியவர்களுள் தலைசிறந்தவர்கள் நாகசுரக்காரர்கள் என்று பாடகர்களே ஒப்புக்கொண்டனர், அவர்களிடமிருந்து கற்றனர். கற்றவர் மேடையில் அமர்ந்தார். கற்பித்தவர் வாயிலில் நின்றார்.

1930களில் இந்த அடையாளங்களுக்கு எதிராகக் குரல் எழும்பியது. செட்டிநாட்டு ஊர்வலம் ஒன்றில் மதுரைச் சிவக்கொழுந்து என்ற நாகசுரக் கலைஞரின் தோள்துண்டை எடுக்கச் சொல்லிச் செல்வர்கள் அதட்டியபோது, சுயமரியாதை இயக்கத் தொண்டர் பட்டுக்கோட்டை அழகிரிசாமி குறுக்கிட்டுத் துண்டை எடுக்க வேண்டாம் என்று முழங்கிய நிகழ்ச்சி அவ்வியக்கத்தாரின் நினைவுகளில் ஆழப் பதிந்துள்ளது. ஒரு முழத் துண்டுக்கு ஒரு போராட்டம்! துண்டு சிறிதுதான், அது கிடக்கும் தோள் யாருடையது என்பதே வினா.

4

இராஜரத்தினம் 1898 ஆகஸ்ட் 27ஆம் நாள் இந்த உலகத்திற் பிறந்தார். இயற்பெயர் பாலசுப்பிரமணியன். தாய்மாமனாகிய திருமருகல் நடேச பிள்ளை என்னும் நாகசுர வித்துவான் அவரை வளர்ப்பு மகனாக ஏற்றார். டி. என். என்ற தலைப்பெழுத்துகள் அம்மாமனின் ஊரையும் பெயரையும் தாங்கியவை. இளமையில் அவர் முதலிற் பயின்றது வாய்ப்பாட்டு. பெரும் பிடில் வித்துவானாகிய திருக்கோடிக்காவல் கிருஷ்ணையரிடம் கற்று, பாடகராகவே அரங்கேறியவர், பின்னர்க் குல மரபுக்குத் திரும்பி நாகசுரத்தைக் கையிலெடுத்தார். பாட்டிலிருந்து குழலுக்கு வந்தமையாற்போலும், அவர் குழல் பாடியது. விரல் ஓட்டத்தைக் காட்டி மலைக்கவைப்பது அவருடைய நோக்கமாக இருக்கவில்லை. குரல் செய்யும் குழைவு அனைத்தையும் மூச்சிலும் சீவாளியிலும் கொண்டுவந்தார்.

இங்கே கருவியைப் பற்றிச் சொல்லாமல் மேலே செல்ல இயலாது. ஆச்சா மரத்தைக் கடைந்து செய்த கூம்பு வடிவான உலவு. அடியில் விரிந்த அணசு. மேலே நாணற் சீவாளி. விரல் வைக்கும் துளைகள் ஏழு. அந்த ஏழு துளைகளைக் கொண்டு எல்லாச் சுரங்களையும் அவற்றுக்கிடைப்பட்ட நுண்ணிய அசைவுகளையும் வாசிப்பதற்குத் துளையை அரையும் காலுமாய் மூடவேண்டும். மூச்சின் அழுத்தத்தைக் கூட்டிக் குறைக்க வேண்டும். உதடு சீவாளியை ஏற்ற அளவிற் கௌவ வேண்டும். சிக்காகோத் தொழிலாளர் குடியிருப்பில் மவுத்தோர்கன்காரன் மூச்சால் வளைத்த சுரத்தை, திருவாவடுதுறைக் கலைஞன் உதட்டால் வளைத்தான். ஒருவரையொருவர் அறியாத இரு மரபுகள், கருவி தர மறுத்ததை உடம்பால் வாங்கிக்கொண்டன.

அக்காலத்திற் பெருவழக்காயிருந்தது திமிரி நாகசுரம். குறுகியது, சுருதி மிக உயர்ந்தது. திறந்த வெளியில், கூட்டத்தின் இரைச்சலையும் வாணவேடிக்கையையும் கிழித்துக்கொண்டு நெடுந்தொலைவு கேட்பதற்கென்றே அமைந்தது. வீதியில் நின்று ஊதுபவனுக்கு உரிய கருவி அது. மேலும், சுத்த மத்திமம் அதில் செவ்வையாகப் பேசாது. இராஜரத்தினம் நீண்ட, சுருதி தாழ்ந்த பாரி நாகசுரத்தை நாடினார். நரசிங்கம்பேட்டையின் கருவி வினைஞர் ரங்கநாதன் ஆசாரி பலவாறு முயன்று, சுத்த மத்திமம் துலங்கும் பாரியை உருவாக்கித் தந்தார். இன்று எங்கும் வாசிக்கப்படுவது அவ்வழி வந்த கருவியே. நரசிங்கம்பேட்டை நாகசுரத்துக்கு 2022இல் புவிசார் குறியீடு கிடைத்தது. வித்துவான் பெயரை ஆயிரம் நாவுகள் சொல்கின்றன. உளி பிடித்த கையின் பெயரையும் நாம் சேர்த்துச் சொல்ல வேண்டும். பாரியின் பிறப்பு இரு உழைப்பாளிகளின் கூட்டு வெற்றி.

சுருதிக்கு அவர் செய்த மாற்றமும் கருதத்தக்கது. நாகசுரத்துக்குத் துணையாக ஒத்து என்னும் துளையில்லாக் குழலை ஒருவர், பெரும்பாலும் பயிலும் சிறுவர், இடைவிடாது ஒரே சுரத்தில் ஊதிக்கொண்டிருப்பார். தனக்கென்று ஒரு சுரமும் இல்லாமல் பிறர் சுரத்துக்காக மூச்சு விடுவதே அவர் தொழில். 'ஒத்து ஊதுகிறான்' என்று நாம் வழக்கிற் சொல்லும் ஏச்சு அங்கிருந்து வந்தது. இராஜரத்தினம் ஒத்தை விலக்கித் தம்புராவைச் சுருதிக்கு வைத்துக்கொண்டார். பாடகரின் மேடையிலுள்ள தம்புரா நாகசுரக்காரரின் பின்னாலும் வந்து அமர்ந்தது.

பாரியும் தம்புராவும் சேர்ந்தபோது என்ன நேர்ந்தது? வீதிக்கருவி அரங்கக்கருவி ஆயிற்று. உட்கார்ந்து கேட்கத்தக்க இசையை நின்றுகொண்டு வாசிக்கச் சொல்ல எவருக்கும் வாயெழாத நிலை உருவாயிற்று. மானத்தைப் பற்றிய அவருடைய கோரிக்கைக்கு மரமும் நாணலும் வாதாடின என்றே சொல்லலாம்.

5

கோரிக்கையை அவர் தம் தோற்றத்திலும் எழுதினார். மரபான குடுமியை நீக்கிக் கிராப்பு வைத்துக்கொண்டார். வெற்றுடம்பும் இடுப்புத் துண்டும் விதிக்கப்பட்ட இடத்தில் நீண்ட அங்கி அணிந்து, அதன்மேற் பதக்கங்கள் மின்ன வந்தார். காலில் சப்பாத்து. பாடகருக்கு மேடை உண்டென்றால் தமக்கும் மேடை வேண்டும் என்றார்; அதிலே அமர்ந்தே வாசிப்பேன் என்றார். இவற்றை அகங்காரம் என்று இகழ்ந்தவர்கள் பலர். பிறப்பினாலேயே மரியாதை வாய்த்தவன் அதைக் கேட்டுப் பெறவேண்டியதில்லை. ஆகவே அவன் அடக்கமுள்ளவனாகக் காட்சியளிக்கலாம். மறுக்கப்பட்டவன் கேட்கும்போது அது செருக்காகத்தான் ஒலிக்கும்.

இருபதாம் நூற்றாண்டு அவருக்குச் சில வாயில்களைத் திறந்துவிட்டது. இசைத்தட்டும் வானொலியும் வந்தன. அவருடைய தோடி இசைத்தட்டாகி, கோயிலை அணுகவே உரிமையற்றிருந்தவன் காதிலும் விழுந்தது. 1940இல் எல்லிஸ் டங்கன் இயக்கிய 'காளமேகம்' திரைப்படத்தில் அவர் கதாநாயகனாக நடித்தார். 1947 ஆகஸ்டில் இந்திய விடுதலை வேளையில் டில்லியில் அவருடைய நாகசுரம் முழங்கியது. 1955இல் சங்கீத நாடக அக்காதமி விருது வந்தது. மிராசுதாரின் பந்தலோரம் மட்டுமே கலைஞனுக்குப் புகலிடம் என்றிருந்த நிலை மாறி, நுழைவுச்சீட்டும் இசைத்தட்டும் வாங்கும் பொதுமக்கள் புரவலராயினர். மூலதனம் இதை அறத்துக்காகச் செய்யவில்லை, இலாபத்துக்காகவே செய்தது என்பதை நாம் அறிவோம். எனினும் பழைய தளையை ஓரிடத்தில் அறுத்தது என்பதையும் மறுத்தலாகாது. அறுந்த இடத்தைக் கண்டு அதன்வழி வெளியேறும் துணிவு இராஜரத்தினத்துக்கு இருந்தது.

இலங்கைக்கும் இந்த அலை வந்தது. தஞ்சையிலிருந்து யாழ்ப்பாணத்துக்கு வந்து வேரூன்றிய இசைக் குடும்பங்களின் வழியிலே அளவெட்டி என். கே. பத்மநாதனின் நாகசுரமும் தட்சிணாமூர்த்தியின் தவிலும் எழுந்து, தாயகமாகிய தமிழ்நாட்டாரே வியக்கும் நிலையை அடைந்தன. யாழ்ப்பாணக் கோயில் வீதிகளில் இரவிரவாக நடந்த மேளக் கச்சேரிகளைக் கேட்கக் கிழக்கிலிருந்தும் சென்றவர்கள் உண்டு.

6

இத்துடன் கட்டுரையை முடித்தால் அது ஒரு வீரகாவியமாக இருக்கும்; வரலாறாக இராது.

இராஜரத்தினம் அமர்ந்தார். அவரோடு எத்தனைபேர் அமர்ந்தனர்? பேரறிஞனாகிய ஒரு கலைஞனுக்கு மேடை கொடுத்த அதே ஊர், சிறு கோயிலில் அரைவயிற்றுக்கு ஊதிய மேளகாரருக்குப் பழைய இடத்தையே காட்டியது. அவருடைய கலகம் தனிமனிதக் கலகம். அதன் ஆயுதம் அவருடைய மேதைமை. மேதைமை இல்லாதவனுக்கு அந்த ஆயுதமும் இல்லை. மானம் என்பது திறமைக்குக் கிடைக்கும் பரிசாக இருக்கும்வரை அது உரிமை ஆகாது. எல்லாரும் தோடி வாசிக்க முடியாது. ஆனால் எல்லாரும் அமர முடியவேண்டும்.

அவரும் முற்றாக விடுபட்டாரில்லை. ஆதீன வித்துவான் என்ற பட்டத்தை இறுதிவரை தாங்கினார்; செல்வர் சூட்டிய பதக்கங்களை விரும்பி அணிந்தார். கைநிறைய ஈட்டியதை வந்த வழியே செலவிட்டார் என்றும், மதுவுக்கு ஆட்பட்டார் என்றும், ஒப்புக்கொண்ட நிகழ்ச்சிகளுக்குச் சொன்ன நேரத்தில் செல்வதில்லை என்றும் அவரைப் போற்றியோரே எழுதிவைத்துள்ளனர். 1956 டிசம்பர் 12ஆம் நாள், 58 வயதில் அவர் மறைந்தார். சிக்காகோவின் வோல்டரைப் போலவே, ஒரு சமுதாயம் முழுவதும் சேர்ந்து சுமக்கவேண்டிய போராட்டத்தைத் தம் ஒற்றை உடம்பில் சுமந்த மனிதர் இவரும். அந்தச் சுமையில் உடம்பு நொறுங்கியதை மட்டும் எடுத்துப் பேசி ஒழுக்கம் போதிப்பது நமக்கு அழகன்று.

தனிமனிதக் கலகம் எங்கே நிற்கிறதோ அங்கே மக்கள் இயக்கம் தொடங்க வேண்டும். இதற்கு நம் நாட்டிலேயே பாடம் உண்டு. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாயிலில் தீண்டாமை ஒழிப்பு வெகுசன இயக்கத்தார் அணிதிரண்டபோது, உள்ளே செல்லும் உரிமையை அவர்கள் மேதைகளுக்காகக் கேட்கவில்லை, மனிதர்களுக்காகக் கேட்டனர். ஒருவர் அமர்வதற்கும் ஒரு மக்கட்கூட்டம் உள்ளே நுழைவதற்கும் இடையிலுள்ள வேறுபாடு அதுவே. எனினும் முன்னது பின்னதற்குப் பகையன்று. ஒருவன் அமர்ந்ததைக் கண்ட கண், நிற்பது இயற்கைவிதி அன்று என்பதைக் கற்றுக்கொள்கிறது.

7

அப்படிக் கற்றுக்கொண்ட ஒருவரின் கதை எங்கள் ஊருக்கு மிகவும் வேண்டியது. அதைச் சொல்லுமுன் ஊரைப் பற்றிச் சில சொற்கள். ஏறாவூர் முஸ்லிம்கள் பெரும்பான்மையாகவும் தமிழர் அயலாகவும் வாழும் ஊர். றபானும் பக்கீர்மாரின் பாட்டும் ஒரு பக்கம். கோயில் மேளமும் கூத்து மத்தளமும் மறுபக்கம். இடையில் ஒரே மொழி. 1990 ஆகஸ்டில் ஓர் இரவில் இங்கு முஸ்லிம்கள் நூற்றுக்கும் மேற்பட்டோர், குழந்தைகள் உட்பட, கொல்லப்பட்டனர். சில வாரங்களில், செப்டெம்பரில், சத்துருக்கொண்டானில் தமிழர் நூற்றுக்கும் மேற்பட்டோர், அங்கும் குழந்தைகள் உட்பட, கொல்லப்பட்டனர். அதன்பின் பிறந்த மாணவர்கள் ஒருவர் இசையை மற்றவர் வேலிக்கு அப்பாலிருந்தே கேட்டு வளர்ந்தனர். எது யாருடைய இசை என்று கோடு கிழிப்பது இங்கே எளிதாகிவிட்டது.

அந்தக் கோட்டின்மேல் வைத்துப் பார்க்கவேண்டிய பெயர் ஷேக் சின்ன மௌலானா. 1924இல் ஆந்திர நாட்டின் கரவதி என்னும் ஊரில், தலைமுறை தலைமுறையாக நாகசுரம் வாசித்த முஸ்லிம் குடும்பத்திற் பிறந்தவர். இராஜரத்தினத்தின் வாசிப்பு அவரை ஆட்கொண்டது. அந்தத் தஞ்சைப் பாணியைத் தேடி வந்து, நாச்சியார்கோயில் சகோதரர்களான இராஜம், துரைக்கண்ணு ஆகியோரிடம் கற்று, திருவரங்கத்தில் குடியேறினார். இஸ்லாமியராகவே வாழ்ந்தார், அரங்கநாதர் சந்நிதியில் வாசித்தார். சாதியாலும் மதத்தாலும் மொழியாலும் வெளியாரான ஒருவர், இராஜரத்தினத்தின் இசைக்கு வழித்தோன்றல்களுள் தலையாயவர் என்று மதிக்கப்பட்டார். 1977இல் பத்மஸ்ரீ விருதும், 1998இல் சென்னை மியூசிக் அக்காதமியின் சங்கீத கலாநிதிப் பட்டமும் பெற்று, 1999இல் மறைந்தார். தாம் கற்றதை மறைத்துவைக்காமல் திருவரங்கத்தில் நாகசுரப் பயிற்சிக்கூடம் அமைத்துப் பலருக்கும் கற்பித்தார். அவர் வழி வந்த ஷேக் மெஹபூப் சுபானி, காலீஷாபி மெஹபூப் என்னும் கணவன் மனைவியர் 2020இல் பத்மஸ்ரீ பெற்றனர். குலத்துக்கு உரியது எனப்பட்ட குழல் குலத்தைக் கடந்தது; கோயிலுக்கு உரியது எனப்பட்ட இசையை முஸ்லிம் ஒருவர் காத்தார்; ஆணுக்கே உரியது எனப்பட்ட மூச்சைப் பெண் ஒருவர் நிறுவிக் காட்டினார்.

இது சமய நல்லிணக்க மேடைகளில் சொல்லும் இனிப்புக் கதை அன்று. இராஜரத்தினம் தம் கலையைத் தீட்டிலிருந்தும் ஊழியத்திலிருந்தும் மீட்டிராவிட்டால், அது ஒரு குலத்தின் சுமையாகவே நின்றிருக்கும். சுமையை வெளியாள் எவன் விரும்பிச் சுமப்பான்? மானமுள்ள தொழிலாக உயர்ந்ததனாலேதான் அது எவரும் விரும்பிக் கற்கத்தக்க கலையாயிற்று. விடுதலை பெற்ற கலையே வேலிகளைத் தாண்டும்.

ஆகவே ஆசிரியர்களாகிய நமக்கு ஒரு வேலை இருக்கிறது. பாடநூலில் இசைக்கருவிகளின் பெயர்ப்பட்டியலை மனனம் செய்விக்கும்போது, அக்கருவியை ஊதியவர் எங்கே நின்றார் என்பதையும் கேட்கச் சொல்ல வேண்டும். பறைமேளக்கூத்தை விழா மேடையில் ஏற்றிக் கைதட்டிவிட்டு, விழா முடிந்ததும் சொர்ணாளிக்காரரைப் பழைய விளிம்புக்கே அனுப்பும் 'கலை வளர்ப்பை' நாம் ஏற்கலாகாது. கலையை மேலேற்றி, கலைஞனைக் கீழேயே வைத்தால் பழைய உடன்படிக்கையைப் புதிய மையில் எழுதியவர்களாவோம்.

மறுநாள் அந்த மாணவனை அழைத்து, மவுத்தோர்கனைக் கொண்டுவரச் சொன்னேன். தண்டனை என்று நினைத்துத் தயங்கியபடியே நீட்டினான். வகுப்பின் முன்னே நாற்காலியொன்றை இழுத்துப் போட்டு, "உட்கார்ந்து வாசி, மகன்" என்றேன். நாற்பது பேர் கேட்டுக்கொண்டிருக்க, அவன் உட்கார்ந்து வாசித்தான். வாசித்து முடிந்ததும் அவர்களுக்கு இந்த வரலாற்றைச் சொன்னேன்.